பாலாறு மெஸ்ஸின் உப்பு அளவு

ஆம்பூர்,
15.6.2025, ஞாயிறு.

அன்பு மகள் பூர்ணிமாவுக்கு அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் சுகம், அம்மாவின் இடது முழங்காலைத் தவிர. நீயும் உன்னோடு சமைக்கும் முபஷ்ஷிராவும் அந்த அயர்லாந்துக் கால்வே ஊர் மழையில் சளி பிடிக்காமல் இருக்கிறீர்களா என்பதுதான் தினமும் காலைக் காப்பியோடு இங்கே வரும் பேச்சு. நீ என்னோடு பேசிப் பன்னிரண்டு நாள் ஆகிறது. அம்மாவிடம் மட்டும் பேசுகிறாய், பின்னால் என் குரல் கேட்டால் உடனே உனக்கு நெட்வொர்க் போய்விடுகிறது. போகட்டும். போனில் சொன்னால் நீ பாதியிலேயே சரிப்பா சரிப்பா என்பாய், அதனால் எழுதுகிறேன். முபஷ்ஷிராவின் அண்ணன் புதன்கிழமை வாணியம்பாடியிலிருந்து கிளம்புகிறார், அவர் கையில் இந்தக் கடிதமும் ஒரு பார்சலும் வருகின்றன. ஐந்து கிலோ சீரக சம்பா, ஒரு கிலோ காய்ந்த மிளகாய், இன்னும் ஒரு பொருள். அதைக் கடைசியில் சொல்கிறேன். இருபத்தெட்டாம் தேதி மாலை நீ அந்த ஹோட்டல்காரர்களுக்கு நாற்பது பேர் சாப்பாடு போட்டுக் காட்ட வேண்டும், பிடித்தால்தான் ஆறு மாதத்துக்கு அடுப்படி உன் கைக்கு வரும் என்பது எனக்கு மறக்கவில்லை. அதற்கு முன் இதை முழுக்கப் படி.

முதலில் நீ கேட்டதற்குப் பதில். மெனு அட்டையின் பின்பக்கத்தில் மாமல்லபுரக் கடற்கரையில் அந்தக் காலத்தில் இருந்த சாப்பாட்டுக் கடைகளைப் பற்றி நாலு வரி போடப் போவதாகச் சொன்னாய். நீ அனுப்பிய அந்த இணையப் பக்கத்தைப் பார்த்தேன். எழுதியவர் அந்தப் பக்கம் வந்தே இருக்கமாட்டார். மாமல்லபுரத்திலிருந்து சதுரங்கப்பட்டினம் போகிற சாலையில் 1999 முதல் 2002 வரை நடந்த பாலாறு மெஸ்ஸைச் சென்னைக்காரர் நடத்திய பிரியாணிக் கடை என்று எழுதியிருக்கிறார். ஆம்பூரில் பிறந்து, வேலூரில் எம்.எஸ்சி. வேதியியல் படித்து, தோல் பதனிடும் டேனரியின் லேபில் ஏழு வருஷம் வேலை பார்த்து, அந்த வேலையை விட்டுவிட்டுப் போய்க் கடை போட்டவன் நான், எனக்குக் கிடைத்த பெயர் சென்னைக்காரர். அதன் கீழே யாரோ ஒருவர், சாப்பாட்டில் உப்பு ஜாஸ்தி, அதனால்தான் மூடினார்கள் என்று குறிப்பும் போட்டிருக்கிறார். அதைப் படித்த அன்று எனக்கு ராத்திரிச் சாப்பாடு இறங்கவில்லை.

அந்தக் கரையில் சாப்பாடு எப்படி இருந்தது என்று நான் சொல்கிறேன், எழுதிக்கொள். ரத்தினசாமி லாட்ஜ் என்று ஒன்று, கீழே சைவச் சாப்பாடு, மேலே ஆறு அறை. சிற்பம் பார்க்க வரும் வடக்கத்திக்காரர்கள் அங்கேதான் தங்குவார்கள். அவர்களுக்காக ரத்தினசாமி சாம்பாரில் வெல்லம் போட்டுப் போட்டுக் கடைசியில் உள்ளூர்க்காரன் ஒருவனும் உள்ளே போகாமல் ஆனான், ஆனால் அவர் கடை வாழைப்பூ வடையை நான் வேறெங்கும் சாப்பிட்டதில்லை, எதிரியாக இருந்தாலும் சொல்ல வேண்டியதைச் சொல்கிறேன். ஜோசுவா என்று ஒருவர் கடற்கரை மணலிலேயே நாலு கம்பு நட்டு, கீற்று வேய்ந்து, வெள்ளைக்காரர்களுக்குக் கொடுவா மீனை முழுசாகச் சுட்டுக் கொடுத்தார். மிளகு, பூண்டு, எலுமிச்சை, வேறொன்றும் கிடையாது. மேலே தூவ உப்புக்கூட மேசையில் வைக்கமாட்டார், கேட்டால் மீனுக்குள்ளேயே இருக்கிறது என்பார். அடுத்தது மீனாம்பாள். குப்பத்து அம்மாள், காலையில் மீன் விற்பார், மதியம் அதே கூடையில் மிச்சமானதைக் குழம்பு வைத்து இருபது பேருக்குப் போடுவார். மாங்காய் போட்ட சங்கரா மீன் குழம்பு, நெத்திலி வறுவல், வெள்ளிக்கிழமைகளில் சுறாப் புட்டு. அந்தப் புட்டில் மீன் எது பூண்டு எது என்று பிரித்துச் சொல்ல முடியாது. இந்த மூன்று கடையும் இன்றைக்கு இல்லை. ஜோசுவாவின் இடத்தில் ஏதோ ரிசார்ட்டின் நீச்சல் குளம் இருக்கிறதாம். கடலுக்கு ஐம்பது அடியில் நீச்சல் குளம்.

இவர்களுக்கு நடுவேதான் நாங்கள் போனோம். நாங்கள் என்றால் நானும் உன் அம்மாவின் அண்ணன் பரந்தாமனும். இந்தப் பெயரை என் கையால் எழுதி எத்தனை வருஷம் ஆகிறது என்று நீயே கணக்குப் போட்டுக்கொள். யோசனை என்னுடையது. ஆம்பூர் பிரியாணியை ஆட்டுக்கறிக்குப் பதில் இறாலில் போடுவது. மிளகாயை ஊற வைத்து அரைத்த விழுது, தயிர், புதினா, சீரக சம்பா எல்லாம் நம் ஊர் முறை. இறாலைத் தம் போடும்போது மட்டும் சேர்ப்பது, இல்லாவிட்டால் ரப்பர் ஆகிவிடும். அளவெல்லாம் ஆம்பூர் வீட்டிலேயே செய்து பார்த்து ஒரு நோட்டில் எழுதிக்கொண்டுதான் போனேன். பக்கத்தில் நம் ஊர் வழக்கப்படி புளிக் கத்திரிக்காய். ஆம்பூரிலிருந்து நாலு ஆட்களை அழைத்துக்கொண்டு போனேன். அடுப்படி என் பொறுப்பு, கல்லாவும் ஆட்களோடு பேச்சும் பரந்தாமன் பொறுப்பு. பேசச் சொன்னால் கல்லுக்கும் இலை போட்டு உட்கார வைப்பார், அதை மறுக்கமாட்டேன். முதல் வருஷம் ஞாயிறு மதியம் இரண்டு மணிக்குள் அண்டா காலி. ரத்தினசாமியே வாசலில் வந்து நின்று, இன்னாப்பா, எனக்கு ஒரு பிளேட் எடுத்து வெச்சியா என்று கேட்டுவிட்டுப் பார்சல் வாங்கிப்போனார், சைவக் கடைக்காரர். கூட்டம் தாங்காமல் கிணற்றுக்கு இரண்டு குதிரைசக்தி மோட்டார் போட்டோம். குடிக்கவும் டீக்கும் மட்டும் குடத்தில் நல்ல தண்ணீர் வரும், மற்றதெல்லாம் அந்தக் கிணறுதான்.

இரண்டாம் வருஷக் கோடையிலிருந்து பரந்தாமன் அடுப்படி வாசலில் வந்து நிற்க ஆரம்பித்தார். மாப்ள, உப்பு ஜாஸ்தின்றாங்க. நான் ருசி பார்ப்பேன், சரியாக இருக்கும். நாலு ஆட்களையும் பார்க்கச் சொல்வேன், நாலு பேரும் சரி என்பார்கள். அளவு நோட்டில் இருக்கிறது, அளவு தப்பவில்லை, நான் லேபில் மில்லிகிராம் பார்த்துப் பழகியவன் மச்சான், உங்கள் கஸ்டமர்கள் வெல்லச் சாம்பார் தின்கிறவர்கள் என்று சொல்லி அனுப்பிவிடுவேன். மீனாம்பாள் ஒருநாள் இறால் கொண்டு வந்தவர் கத்திரிக்காயைத் தொட்டு நாக்கில் வைத்துவிட்டு, இன்னா சார், கடலையே மொண்டு உலையில ஊத்துறியா, அது எங்களுக்கு வேணும் சார் என்று எல்லார் முன்னாலும் சொல்லிச் சிரித்தார். போட்டிக் கடைக்காரியின் வயிற்றெரிச்சல் என்று எடுத்துக்கொண்டேன். அடுத்த நாளிலிருந்து அவரிடம் இறால் வாங்குவதை நிறுத்தினேன். 2002 மே மாதம், பாண்டிச்சேரிக்குப் போகிற வழியில் ஒரு பஸ் நிறையக் கல்யாணக் கூட்டம் வந்து இறங்கியது. சாப்பிட்டுக்கொண்டிருந்தவர்களில் பாதிப் பேர் பாதியிலேயே இலையை மூடிவிட்டார்கள். நான் கரண்டியோடு வெளியே வந்து பார்க்கிறேன், பரந்தாமன் நடு ஹாலில் கைகூப்பி நின்றுகொண்டு, மன்னிச்சிடுங்க, இன்னைக்கு எங்க மாஸ்டர் கை தவறிடுச்சு என்கிறார். கை தவறிடுச்சு. என் கை. என் அடுப்பு. நான் கரண்டியை அங்கேயே போட்டுவிட்டு, நாலு ஆட்களையும் கூப்பிட்டுக்கொண்டு அன்றைக்கே ஆம்பூர் பஸ் ஏறினேன். மெஸ் அதோடு முடிந்தது. பழைய டேனரியில் எனக்குக் கீழே இருந்தவன் எனக்கு மேலே ஆகியிருந்தான், அவனிடமே போய் நின்றேன். அது தனிக் கதை, அவனையும் நான் மறக்கவில்லை.

மற்றது உனக்கே தெரியும். உன் மஞ்சள் நீராட்டுக்குத் தாய்மாமன் சீர் என்று பரந்தாமன் ஏழு தட்டு எடுத்துக்கொண்டு குடியாத்தத்திலிருந்து வேனில் வந்தபோது, வாசலில் வைத்தே திருப்பி அனுப்பினேன். நீ உள்ளே மணையில் உட்கார்ந்திருந்தாய், உனக்குப் பதின்மூன்று வயது. உன் அம்மா அன்று அழவில்லை. அழுதிருந்தால் நான் ஏதாவது பேசியிருப்பேன். அதன் பிறகு மொட்டை மாடியில் துணி காயப்போடும் சாக்கில் அண்ணனோடு போனில் பேசுவாள், எனக்குத் தெரியாது என்று நினைத்தாள். இரண்டு புடவை காயப்போட முக்கால் மணி நேரம் மேலே நிற்கிறவளைக் கண்டுபிடிக்க எம்.எஸ்சி. தேவையில்லை. நான் கேட்கவில்லை, அவ்வளவுதான் என்னால் முடிந்தது.

இப்போது விஷயத்துக்கு வருகிறேன். போன மாதம் என் நோட்டைப் போட்டோ எடுத்து அனுப்பச் சொன்னாய், அனுப்பினேன். மூன்றாம் தேதி போன் செய்து, அப்பா, நோட்டுல இருக்கிற மாதிரியே ரெண்டு தடவை செஞ்சேன், உப்பே இல்ல, சப்புனு இருக்கு, அளவு தப்பா இருக்குமா என்று கேட்டாய். நான் என்ன சொன்னேன் என்பதை இங்கே மறுபடி எழுதப் போவதில்லை, உனக்குச் சமைக்கிற கை இல்லை, மாமன் வீட்டுக் கை என்று சொன்னது எனக்கு ஞாபகம் இருக்கிறது. நீ போனை வைத்துவிட்டாய். அம்மா அடுப்படியிலிருந்து வந்து, புள்ள பொய்யா சொல்லுது, நீங்களே செஞ்சு பாருங்களேன் என்றாள். உன் மேல் தப்பு என்று காட்டுவதற்காகத்தான் செய்தேன். போன ஞாயிற்றுக்கிழமை, ஒரு கிலோ அரிசி, முக்கால் கிலோ இறால், நோட்டைப் பக்கத்தில் விரித்து வைத்துக்கொண்டு, உலைக்கு ஆறு லிட்டர் தண்ணீர், ஒரு கைப்பிடி கல் உப்பு, மசாலாவுக்கு ஒன்றரை தேக்கரண்டி. மணம் தெருமுனை வரை போயிற்று. வாயில் வைத்தால் சப்பென்று இருக்கிறது. நீ சொன்னதேதான், சப்பு.

எனக்கு முதலில் என் நாக்கின் மேல்தான் சந்தேகம் வந்தது, வயசு ஐம்பத்தேழு ஆகிறதே என்று. அம்மா ஒரு வாய் சாப்பிட்டுவிட்டு, கழுவின கையைப் புடவையில் துடைத்துக்கொண்டே, நோட்டு எழுதினப்போ நம்ம வீட்டு பம்ப் தண்ணில செஞ்சோம், இப்போ கேன் தண்ணி, அதான் இருக்கும் என்று சொல்லிவிட்டுத் துணி எடுக்க மாடிக்குப் போய்விட்டாள். சாதாரணமாகத்தான் சொன்னாள். நான் கரண்டியோடு நின்றுகொண்டிருந்தேன். திங்கட்கிழமை நம் வீட்டுப் பழைய போர்வெல் தண்ணீரை ஒரு பாட்டிலில் பிடித்து லேபுக்குக் கொண்டுபோய் அளந்தேன். லிட்டருக்கு இரண்டரை கிராமுக்கு மேல் உப்பு. செவ்வாய்க்கிழமை அதே தண்ணீரில் மறுபடி அதே அளவில் போட்டேன். சரியாக இருந்தது. பாலாறு மெஸ் முதல் வருஷ ருசி அப்படியே வந்தது.

உனக்குப் புரிந்திருக்கும், நீயும் படித்தவள். இருந்தாலும் எழுதிவிடுகிறேன், ஏனென்றால் எழுதாவிட்டால் நாளைக்கு நான் வேறு மாதிரி சொல்ல ஆரம்பித்துவிடுவேன். தோல் பதனிடும் ஊரில் உப்புத் தண்ணீரிலேயே பொங்கித் தின்று வளர்ந்தவர்கள் நாங்கள். நோட்டில் இருக்கிற உப்பு, நம் தண்ணீரில் ஏற்கனவே இருக்கிற உப்புக்கு மேலே போட வேண்டிய மீதி. கடற்கரைக் கிணற்றில் முதல் வருஷம் ஏறக்குறைய நம் தண்ணீர் மாதிரியே இருந்திருக்கிறது, அதனால் பொருந்திவிட்டது. மோட்டார் போட்டு நாள் முழுக்க இறைத்தோம் பார், கிணற்றில் நல்ல தண்ணீர் குறையக் குறையக் கடல் உள்ளே வந்துவிட்டது. கோடையில் இன்னும் அதிகம். வியாபாரம் ஏற ஏற உப்பும் ஏறியிருக்கிறது. ருசி பார்த்தவர்கள் ஐந்து பேர், ஐந்து பேரும் ஆம்பூர் நாக்கு. எங்கள் ஐந்து பேருக்கும் தெரியாதது வெளியூர்க்காரர்கள் அத்தனை பேருக்கும் தெரிந்திருக்கிறது, மீனாம்பாளுக்குத் தெரிந்திருக்கிறது. கிணற்றுத் தண்ணீரை ஒரு சொட்டு சோதனைக் குழாயில் விட்டுப் பார்த்திருந்தால் போதும். வாரத்துக்கு ஆறு நாள் ஊரான் கழிவுத் தண்ணீரில் உப்பு அளந்து கையெழுத்துப் போட்டவன் நான், என் உலைத் தண்ணீரை மூன்று வருஷம் அளக்கவில்லை. உப்பு ஜாஸ்தி என்று பரந்தாமன் சொன்னது உண்மை. கை தவறிவிட்டது என்று சொன்னது உண்மையில்லை, கை தவறவில்லை, தண்ணீர்தான் தவறியது. இந்த வித்தியாசத்தை நான் விட்டுக்கொடுக்கமாட்டேன். ஆனால் அதை அன்றைக்கு அவருக்கு எடுத்துச் சொல்லியிருக்க வேண்டியவன் நான்தான்.

நேற்று சனிக்கிழமை கேன் தண்ணீரில் நோட்டு அளவிலேயே, உப்பைக் கூட்டாமல், சப்பென்று இருக்கிற பிரியாணியைப் போட்டேன். நாலடுக்கு கேரியரில் வைத்துக் கட்டினேன். குடியாத்தம் வரை போய்விட்டு வருகிறேன் என்றுதான் சொன்னேன். அம்மா கேரியரைப் பார்த்தாள், என்னைப் பார்த்தாள், முழங்கால் வலி என்று காலையில் கோயிலுக்குக்கூடப் போகாதவள் ஐந்து நிமிஷத்தில் புடவை மாற்றிக்கொண்டு வாசலில் செருப்பு மாட்டிக்கொண்டு நின்றாள். பஸ்ஸில் கேரியரை மடியிலிருந்து இறக்கவே இல்லை. குடியாத்தத்தில் பரந்தாமன் வீட்டு லுங்கித் தறி ஓடுகிற சத்தம் தெரு முழுக்கக் கேட்டது. பரந்தாமன் சட்டையெல்லாம் பஞ்சு ஒட்டிக்கொண்டு வெளியே வந்தார். தலை முழுக்க நரைத்துவிட்டது, தொப்பையும் போட்டாயிற்று. என்னைப் பார்த்ததும் உள்ளே திரும்பி, தறியை நிறுத்து என்று சொன்னார். சத்தம் நின்றது. நான் கேரியரைத் திறந்து ஒரு தட்டில் வைத்து நீட்டினேன். நின்றுகொண்டே ஒரு வாய் போட்டார். மென்றார். அன்னைக்கே சொன்னேனே என்று கேட்டால் என்ன பதில் சொல்வது என்று பஸ்ஸிலேயே தயார் செய்து வைத்திருந்தேன். அவர் கேட்கவில்லை. உப்பு கம்மி, மாப்ள என்றார். இருபத்து மூன்று வருஷத்துக்கு அப்புறம் அவர் என்னிடம் பேசிய முதல் பேச்சு அது. நான், நல்ல தண்ணி மச்சான், கிணத்துத் தண்ணி இல்ல என்றேன். என் முகத்தைப் பார்த்தார். கல்லாவில் உட்காரும்போது பார்ப்பாரே, ஆள் சாப்பிட்டது எவ்வளவு என்று முகத்தைப் பார்த்தே கண்டுபிடிப்பது போல. பிறகு தட்டோடு உட்கார்ந்து, முழுக்கச் சாப்பிட்டார், உப்புக் கேட்கவில்லை. உன் அம்மா அப்போதுதான் அழுதாள்.

அதற்கப்புறம் நாங்கள் இரண்டு பேரும் உட்கார்ந்து உனக்கான அளவைப் போட்டோம். மழைத் தண்ணீர் ஊருக்கு, ஒரு கிலோ அரிசிக்கு, உலையில் ஒன்றரைக் கைப்பிடி கல் உப்பு, மசாலாவில் இரண்டு தேக்கரண்டி. உன் கைப்பிடி சின்னது, இரண்டாகவே போடு. கத்திரிக்காய்க்கும் கொஞ்சம் கூட்டு. கடல் இறாலானால் மசாலா உப்பைக் கால் பங்கு குறைக்கச் சொல்கிறார் உன் மாமா, ஜோசுவா சொன்ன அதே காரணம், எனக்கும் சரியாகத்தான் படுகிறது. பார்சலில் இருக்கிற இன்னொரு பொருள் கட்டம் போட்ட பன்னிரண்டு மேசைத் துணி, மாமாவின் தறியில் நேற்று மதியமே வெட்டி ஓரம் அடித்தது. இதுதான் சீரு, பாப்பாகிட்ட சொல்லு, இதையும் திருப்பி அனுப்பிச்சா நானே அந்த ஊருக்கு வந்துடுவேன் என்று சொன்னார். பயப்படாதே, பாஸ்போர்ட் இல்லை அவரிடம்.

உனக்குச் சமைக்கிற கை இருக்கிறது. அன்று நான் சொன்னது தப்பு. இரண்டு தடவை ஒரே அளவில் செய்து, அளவின் மேல் சந்தேகப்பட்டாய் பார், மூன்று வருஷம் எனக்கு வராத புத்தி அது. மெனு அட்டையின் பின்பக்கத்தில் ரத்தினசாமி லாட்ஜையும் ஜோசுவாவையும் போடு, மீனாம்பாள் பெயரைப் பெரிய எழுத்தில் போடு. பாலாறு மெஸ் என்று எழுதி அன்பரசன், பரந்தாமன் என்று இரண்டு பெயரும் போடு. என் பெயர்தான் முதலில் வரும், அகர வரிசை அப்படி, மாமாவிடமும் சொல்லிவிட்டேன், சிரித்தார். உப்பு அதிகமாக இருந்தது என்பதையும் ஒளிக்காதே, காரணத்தோடு எழுது. அந்த இணையப் பக்கத்துக்காரருக்குச் சென்னைக்காரர் விஷயத்தைத் திருத்தச் சொல்லி நான் தனியாக எழுதிக்கொள்கிறேன், அவரை விடப்போவதில்லை.

அடுப்பில் கவனம், எண்ணெய் தெறிக்கும், முழுக்கைச் சட்டை போடு. முபஷ்ஷிராவையும் நேரத்துக்குச் சாப்பிடச் சொல். எல்லாம் நல்லபடி நடக்கும், நாற்பது பேரும் பாதியில் இலையை மூடாமல் முழுக்கச் சாப்பிட்டு எழுந்திருப்பார்கள், அப்பாவின் மனசு முழுக்க உன்னோடு இருக்கிறது. ஒன்றே ஒன்று மறக்காதே. இருபத்தெட்டாம் தேதி தம்மைத் திறந்ததும் நீயும் முபஷ்ஷிராவும் ருசி பார்த்துவிட்டுச் சரி என்று சொல்லிவிடாதீர்கள், இரண்டும் இந்தப் பக்கத்து நாக்கு. அந்த ஊர்க்காரர் ஒருவரைக் கூப்பிட்டு முதல் வாய் கொடுங்கள். அவர் முகம் மாறினால், அவர் சொல்வதை நம்பு.

இப்படிக்கு,
உன் அப்பா
அன்பரசன்